உள்காமாலைக்குப் பத்தியம்

புதுக்கோட்டைச் சமஸ்தானத்தை இந்தியாவோடு சேர்த்த வருஷம்தான் சந்தனமேரியின் புருஷன் சவரிமுத்து பேதியில் போனார். ராஜா போனதற்கு எங்கள் நெருஞ்சிப்பட்டியில் யாரும் கண்ணீர் விடவில்லை. இனிமேல் வரி வாங்க யார் வருவார்கள் என்று மட்டும் விசாரித்துக்கொண்டார்கள். சவரிமுத்து போனதற்கு ஊரே அழுதது. ஆவூருக்கும் விராலிமலைக்கும் நடுவில் இருக்கிற பத்துப் பன்னிரண்டு ஊர்களுக்கு மஞ்சள் காமாலை மருந்து கொடுத்தது அவர் வீடுதான்.

மருந்து பரம ரகசியம். கீழாநெல்லியை வேரோடு பிடுங்கி, அரைத்து, ஆட்டுப்பாலில் கலக்க வேண்டும் என்கிற அந்த ரகசியம் பன்னிரண்டு ஊருக்கும் தெரியும். கீழாநெல்லி எல்லார் வரப்பிலும் முளைத்துக் கிடந்தது. ஆடும் அம்மியும் இல்லாத வீடு கிடையாது. ஆனாலும் தன் வரப்பில் முளைத்ததைத் தானே அரைத்துக் குடித்தால் கேட்காது என்பதில் ஊரில் இரண்டு கருத்து இல்லை. செவ்வாய், வெள்ளி காலையில் வெறும் வயிற்றோடு சவரிமுத்து வீட்டு வாசலில் கிழக்கே பார்த்து நின்று அவர் கையால் வாங்கிக் குடித்தால்தான் மருந்து. கிண்ணத்தை நீட்டும்போது அவர் வாய்க்குள் ஏதோ முணுமுணுப்பார். வேதக்காரர்களான கிறிஸ்தவர்கள் அது மாதாவுக்குச் சொல்லும் பிரியதத்த மந்திரம் என்றார்கள். மற்றவர்கள் மலையாள மாந்திரீகம் என்றார்கள். பெண்டாட்டியிடம் மட்டும் அவர் உள்ளதைச் சொல்லியிருந்தார்.

"ஆட்டுப்பால் வாடை எனக்கு ஒத்துக்காது மேரி. மூச்சை அடக்கிக்கிட்டு ஒண்ணு ரெண்டு எண்ணுறேன்."

அவரைப் புதைத்த மூன்றாவது வெள்ளிக்கிழமை வாசலில் ஐந்து பேர் கிழக்கே பார்த்து நின்றார்கள்.

"மருந்து குடுக்குறவருதான் போயிட்டாரே" என்றாள் சந்தனமேரி.

"நீங்க குடுங்க" என்றார்கள்.

பதினான்கு வருஷமாக வரப்பில் தேடிப் பிடுங்கியதும் அவள்தான், அரைத்ததும் அவள்தான். கிண்ணத்தை நீட்டியது மட்டும் அவர். அதையும் இப்போது அவளே செய்தாள். அவளுக்கு ஆட்டுப்பால் வாடை பழகியிருந்ததால் எண்ண வேண்டியிருக்கவில்லை. முணுமுணுப்பு இல்லாத மருந்தை வாங்க ஒருவரும் கை நீட்டாததைப் பார்த்து, அவளும் ஒன்றிலிருந்து இருபதுவரை எண்ணப் பழகிக்கொண்டாள்.

அப்போது அவளுக்கு முப்பத்து நாலு வயது. உயரமான உடம்பு, பக்கத்துத் தெருவரை கேட்கும் குரல். பிள்ளை இல்லை. மாமனார் மாமியார் இருந்தவரை எல்லாரும் சாப்பிட்ட பிறகு சட்டியை வழித்துச் சாப்பிட்டவள். தனியாக இருந்து, சோறு வெந்ததும் சுடச்சுடச் சாப்பிட ஆரம்பித்த ஆறு மாதத்தில், தன் முழங்கால் வலி எங்கே போனது என்று அவளே தேடினாள்.

ஐம்பதாம் வருஷம் கோடையில் பொன்னுத்தாய் தன் மருமகள் காமாட்சியைக் கையைப் பிடித்து அழைத்துவந்தாள். காமாட்சிக்கு இருபத்திரண்டு வயது. மூன்று பிள்ளை, நான்காவது கலைந்து ஒரு மாதம் ஆகியிருந்தது. முதல் நாள் கிணற்றடியில் குடத்தோடு விழுந்துவிட்டாள். குடம் நசுங்கியதில் மாமியாருக்கு மனசு ஆறவில்லை.

"கண்ணைப் பாரு மேரி. காமாலையா இருக்குமோ?"

சந்தனமேரி இமையை இழுத்துப் பார்த்தாள். மஞ்சள் இல்லை. வெளுத்த துணி மாதிரி இருந்தது.

"காலையில என்னத்தா சாப்புட்ட?"

காமாட்சி மாமியார் முகத்தைப் பார்த்தாள்.

"எல்லாரும் சாப்புட்டு மிச்சம் இருந்தா சாப்புடுவா" என்று பொன்னுத்தாயே பதில் சொன்னாள். அவள் குரலில் பெருமைதான் இருந்தது. "வாயத் தொறந்து கேக்க மாட்டா. தங்கமான புள்ள."

காமாலை இல்லை என்று சொன்னால் இந்தப் பெண் மத்தியானமே திரும்பக் கிணற்றுக்குப் போவாள். சோறு போடுங்கள் என்று சொன்னால், எங்கள் வீட்டில் சோறு போடவில்லையா என்று சண்டை வரும். மருந்து என்றால் கேட்பார்கள். அவள் அதுவரை பூசை நேரத்துக்குப் போகாததற்குத்தான் பொய் சொல்லியிருக்கிறாள்.

"இது உள்காமாலை" என்றாள்.

"அப்புடின்னா?"

"வெளிக்காமாலை கண்ணுல தெரியும், நகத்துல தெரியும். இது தெரியாது. அதான் பொல்லாதது."

பொன்னுத்தாய் நெஞ்சில் கையை வைத்தாள். சந்தனமேரி மூன்று நாள் மருந்தும் இருபத்தோரு நாள் பத்தியமும் சொன்னாள். தண்ணீர் இறைக்கக் கூடாது. உலக்கையைத் தொடக் கூடாது. அடுப்புப் புகை கண்ணில் படக் கூடாது. சோறு ஆறுமுன்னே சாப்பிட்டுவிட வேண்டும், அதுவும் வீட்டில் முதல் ஆளாக. அதட்டுகிற சத்தம் காதில் விழுந்தால் மருந்து முறிந்துவிடும்.

"பத்தியம் தவறிப்போச்சுன்னா?"

"மருந்து திரும்பிடும்."

"இவ மேலயா?"

சந்தனமேரி கொஞ்சம் யோசித்தாள். "இல்ல. தவற வச்சவங்க மேல."

அன்று பொன்னுத்தாய்தான் தண்ணீர் எடுத்தாள். இருபத்தோரு நாளும் அந்த வீட்டில் ரகசியம் பேசுகிற மாதிரிதான் பேசிக்கொண்டார்கள். காமாட்சியின் கன்னம் தேறியது. கீழாநெல்லியின் மகிமையைப் பொன்னுத்தாய் பன்னிரண்டு ஊருக்கும் எடுத்துச் சொன்னாள். இரண்டு மாதம் கழித்து அவள் தனியாக வந்தாள். வாசலில் யாரும் இல்லையே என்று திரும்பித் திரும்பிப் பார்த்தாள்.

"எனக்கும் இருக்குமோன்னு ஒரு சந்தேகம் மேரி."

பதின்மூன்று வயதில் வாக்கப்பட்டு வந்தவள். சந்தனமேரி அவள் கண்ணை ரொம்ப நேரம் பார்த்தாள்.

"இருக்கு. நாப்பது வருஷமா இருக்கு."

பொன்னுத்தாய் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டு அழுதுவிட்டாள். பிறகு, பத்தியத்தை மகனிடம் நேரில் வந்து சொல்ல முடியுமா என்று கேட்டாள்.

ஐந்து வருஷத்தில் உள்காமாலை பன்னிரண்டு ஊரிலும் பரவிவிட்டது. விசித்திரமான நோய். ஆம்பிளைகளை அண்டவே இல்லை. சமையலுக்கு ஆள் வைத்திருக்கிற வீட்டுப் பெண்களையும் தொடவில்லை. நடவுக்கும் அறுப்புக்கும் முந்திய வாரம் கூடுதலாகக் கண்டது. நாலு பிள்ளைக்கு மேல் பெற்றவளுக்கு வருஷம் தவறாமல் வந்தது. ஆண்கள் இதையெல்லாம் கவனிக்காமல் இல்லை. ஆனால் சோதித்துப் பார்க்க யாருக்கும் துணிச்சல் இல்லை. குழந்தைசாமி என்று ஒருவன் துணிந்தான். பத்தியத்தில் இருந்த பெண்டாட்டியை ஒன்பதாம் நாள் ஒரு அதட்டு அதட்டினான். மறுநாள் காலையில் அவன் இரண்டு கண்ணும் ரத்தமாய்ச் சிவந்து ஒட்டிக்கொண்டன. அந்த மாதம் கண்வலி ஊரெல்லாம்தான் இருந்தது. அவன் கண்ணுக்கு வந்தது மட்டும் மருந்து திரும்பியது என்று ஆயிற்று. அவன் பெண்டாட்டிக்கு முன்னால் வெற்றிலை பாக்கு வைத்து மன்னிப்புக் கேட்டான். அதன் பிறகு எங்கள் பக்கத்தில் இருபத்தோரு நாள் வீடுகளை வெளியிலிருந்தே அடையாளம் தெரியும். உள்ளே ஆள் இருக்கிற சத்தமே இருக்காது.

டீக்கடை நாகராசு ஒருவர்தான் நோய்க்கு வாழ்த்துச் சொன்னவர். பத்திய வீட்டு ஆம்பிளைகள் எல்லாரும் அவர் கடை இட்லிக்குத்தான் வந்தார்கள். வாரம் ஒரு தரம் சந்தனமேரிக்கு வெல்லம் கொடுத்துவிடுவார்.

அவளும் மனுஷிதான். வாசலில் கூட்டம் சேரச் சேரப் பேச்சு நிதானமானது. கோயிலில் பின்வரிசையிலிருந்து முன்வரிசைக்கு நகர்ந்தாள். காணிக்கையாகக் கொண்டுவருகிற கோழியை வேண்டாம் என்று சொல்வதை நிறுத்தினாள். சவரிமுத்து சாவுக்கு மணி அடிக்கத் தாமதம் செய்த கோயில் உபதேசியார் வீட்டில் அவர் சம்சாரத்துக்கு நோய் கண்டபோது, மற்றவர்களுக்கு இருபத்தோரு நாளான பத்தியம் அங்கே மட்டும் நாற்பது நாளாக நீண்டது.

ஐம்பத்தேழாம் வருஷம் கடலை பிடுங்குகிற சமயத்தில் பஞ்சாயத்து போர்டு பிரசிடெண்ட் வீரய்யாவின் மனைவி பொன்னம்மாளுக்கு உள்காமாலை வந்தது. இருபது ஆளுக்குப் பொங்கிப் போட வேண்டிய வாரம். முந்தின வருஷமும் இதே வாரம்தான் வந்தது. வீரய்யா துண்டை உதறித் தோளில் போட்டார். மந்திரத்தை எதிர்க்க அவருக்குப் பயம். ஆனால் சர்க்கார் எதிர்த்தால் மருந்து சர்க்கார் மேல்தானே திரும்பும்? வில்வண்டியைப் பூட்டிக்கொண்டுபோய் அரசாங்க ஆஸ்பத்திரி டாக்டர் சொக்கலிங்கத்தை அழைத்துவந்தார். திருமயம் பக்கத்துச் செட்டியார் வீட்டுப் பிள்ளை. கொடுக்கல் வாங்கலில் சாமர்த்தியம் போதாது என்று வீட்டில் டாக்டருக்குப் படிக்க வைத்துவிட்டார்கள்.

பஞ்சாயத்து ஆபீஸில் அன்று பதினொரு பெண்களை டாக்டர் பார்த்தார். வாசலில் ஊர் ஆம்பிளைகள் எல்லாரும் நின்றார்கள். சந்தனமேரி வேப்பமரத்தடியில் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். நாளைக்கு ஊரைவிட்டுப் போகச் சொன்னால் எங்கே போவது என்று யோசித்துக்கொண்டிருந்தாள்.

டாக்டர் வெளியே வந்தார். "ஒருத்தருக்கும் காமாலை இல்ல."

வீரய்யா கூட்டத்தைத் திரும்பிப் பார்த்தார். "நான் அன்னைக்கே சொல்லல? எல்லாம் வேலைக்கு மட்டம் போடுற வித்தை!"

"நான் இன்னும் முடிக்கல" என்றார் டாக்டர். "இவங்க ஒடம்புல ரத்தமே இல்ல. எப்படி நடமாடுறாங்கன்னே எனக்குத் தெரியல. உங்க சம்சாரம்தான் ரொம்ப மோசம். மூணு மாசம் முழு ஓய்வு. தினம் பால், முட்டை, முருங்கைக்கீரை. வாரத்துல ரெண்டு நாள் ஆட்டு ஈரல். நான் டானிக் எழுதித் தாரேன். ரெண்டு வருஷத்துக்குக் கொழந்தையே கூடாது."

கூட்டத்தில் யாரோ பின்னாலிருந்து, "ஈரல் ஆம்பிளைக்குத்தானுங்களே வைப்பாங்க?" என்று மரியாதையாகக் கேட்டார்கள்.

"இனிமே பொம்பளைக்கு வைங்க."

வீரய்யா துண்டை இறக்கிக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். "டாக்டரய்யா, இதை ஒரு இருபத்தோரு நாள்ல முடிக்க முடியாதுங்களா?"

"அது யாரு சொன்ன நாளு?"

வேப்பமரத்தடியைப் பார்த்து யாரும் கை காட்டவில்லை.

மறுநாள் காலையில் வீரய்யா, கையில் ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு, சந்தனமேரி வீட்டுக்கு வந்தார்.

"டாக்டரு புள்ளைக்கு அனுபவம் பத்தாது ஆத்தா. இங்கிலீசு மருந்து நம்ம ஒடம்புக்கு ஒத்துக்குமா? நம்ம நாட்டு மருந்துதான் சரி. பழைய மாதிரி இருபத்தோரு நாளே இருக்கட்டும்."

"டாக்டரு மூணு மாசம்னு சொன்னதுக்கு அப்பறம் நான் எப்புடிங்க கொறைக்கிறது? மருந்து கோவிச்சுக்கும்."

"ஒரு இருபத்தஞ்சு?"

"அறுபது."

இருவரும் மாட்டுச் சந்தையில் துண்டுக்கடியில் விரல் பிடிக்கிறவர்கள் மாதிரி நெடுநேரம் பேசி, நாற்பது நாளும் வாரம் ஒரு ஈரலும் என்று முடித்தார்கள். ஊருக்கு முன்னால் தோற்க வேண்டிய நாளில் ஜெயித்துவிட்டோம் என்ற சந்தோஷத்தில் சந்தனமேரி அன்று வாழைப்பழம் மட்டுமே ஆறு சாப்பிட்டாள்.

அந்தச் சந்தோஷம் இரண்டு வருஷம் இருந்தது. ஐம்பத்தொன்பதில் அருள்ராணி என்கிற புதுப்பெண் வந்தாள். கீழத்தெரு பங்கிராஸ் கட்டிக்கொண்டு வந்த பெண், பத்தொன்பது வயது. சோர்வாக இருக்கிறது, பொழுது சாய்ந்தால் உடம்பு சுடுகிறது, இருமல் இருக்கிறது என்றாள். அன்று வாசலில் முப்பது பேர் நின்றார்கள். சந்தனமேரி அவள் இமையை இழுத்துப் பார்த்தாளே தவிர வேறு எதுவும் கேட்கவில்லை. புதுப்பெண்ணை மாமியார் வீட்டில் வேலை வாங்குகிறார்கள், வேறென்ன என்று நினைத்துவிட்டாள்.

"உள்காமாலை. இருபத்தோரு நாள்."

பதினெட்டாம் நாள் பங்கிராஸ் ஓடிவந்தான். கையில் அடுப்புக்கரி ஒட்டியிருந்தது.

"யக்கா, நீங்க சொன்ன மாதிரிதான் எல்லாம் செஞ்சேன். தண்ணி நான்தான் எடுக்குறேன். சோறு நான்தான் ஆக்குறேன். ஒரு வார்த்தை சத்தமாப் பேசல. ஆனா ரத்தமா துப்புறாக்கா. நான் எங்கயாச்சும் தவறிட்டேனா? மருந்து திரும்புனா என் மேலதான வரணும்? அவ மேல ஏன் வந்துச்சு?"

சந்தனமேரியே வண்டி பிடித்து அருள்ராணியை மடியில் கிடத்திக்கொண்டு டாக்டரிடம் போனாள். காசநோய் என்றார் டாக்டர். பெரிய ஆஸ்பத்திரிக்குச் சீட்டு எழுதும்போது நிமிராமல் கேட்டார்.

"இத்தனை நாள் என்ன குடுத்தீங்க?"

"கீழாநெல்லிங்க. ஆட்டுப்பால்ல."

"அதுல கெடுதல் ஒண்ணும் இல்ல. நாளுதான் போச்சு."

அவர் திட்டியிருந்தால் அவளுக்குத் திருப்பித் திட்டத் தெரியும். ஊர் திரும்புகிற வழியெல்லாம் பதினெட்டு, பதினெட்டு என்று வாய்க்குள் சொல்லிக்கொண்டே வந்தாள். வண்டிக்காரன் ஏதோ மந்திரம் என்று நினைத்து மரியாதையாகத் திரும்பாமல் ஓட்டினான்.

அருள்ராணி ஒன்றரை வருஷம் ஆஸ்பத்திரியில் இருந்து, பிழைத்து வந்தாள். அதற்குள் சந்தனமேரி பங்குச் சாமியாரிடம் செய்த பாவத்தைச் சொல்லிப் பாவசங்கீர்த்தனம் செய்து, அந்த நோயின் பெயரை இனி வாயால் சொல்வதில்லை என்று வாக்குக் கொடுத்திருந்தாள். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் கோயில் வாசலில் நின்று சத்தமாகவே சொன்னாள்.

"எல்லாரும் கேட்டுக்கங்க. அப்புடி ஒரு காமாலையே கெடையாது. நானா கட்டிவிட்டது."

ஒருவரும் நம்பவில்லை. சாமியார் மிரட்டிவிட்டார் என்றார்கள் பெண்கள். சர்க்காரில் தடை போட்டுவிட்டார்கள் என்றார் நாகராசு. பொன்னுத்தாய் அடிக்கவே வந்துவிட்டாள். "எனக்கு வந்துச்சே! எனக்குத் தெரியாதா? இல்லேன்னு சொல்ல நீ யாரு?" வீரய்யாகூட ஒப்புக்கொள்ளவில்லை. ஒன்பது வருஷம் ஒரு பொய்க்குப் பயந்து சமைத்தோம் என்று ஒப்புக்கொள்வதைவிட, நோய் உண்டு என்பதே கௌரவமாக இருந்தது.

அதற்கப்புறம் அவள் யார் வந்தாலும் முதலில் கையைப் பிடித்து ஆஸ்பத்திரிக்குத்தான் கூட்டிக்கொண்டு போனாள். டாக்டர் ஓய்வு என்று எழுதுவார். வீட்டுக்காரர்கள் சீட்டை மடித்துக் கூரை இறவானத்தில் செருகுவார்கள். சந்தனமேரி பின்னாலேயே போய், டாக்டர் மருந்துக்கும் பத்தியம் உண்டு என்று சொல்லிவிட்டு வருவாள். டாக்டருக்கு இது தெரியும். தெரியாத மாதிரி டானிக்கை மட்டும் எழுதிக்கொண்டிருந்தார்.

அறுபத்து மூன்றில் ஒரு சந்தை நாள். விராலிமலைக்கு அரிவாள் வாங்கப் போனவள் பஸ் ஸ்டாண்டு பக்கம் கூட்டத்தைப் பார்த்து நின்றாள். கோட்டுப் போட்ட ஒருவன், ஈரல் படம் வரைந்த துணியைத் தொங்கவிட்டுப் பச்சைப் பாட்டில்களை அடுக்கியிருந்தான். அவளைக் கண்டதும் கையைத் தட்டி அழைத்தான்.

"அம்மா, இங்கிட்டு வாங்க. கண்ணைக் காட்டுங்க. அடடா! உள்காமாலை. முத்திப்போச்சு."

சந்தனமேரிக்குச் சிரிப்பு வந்தது. "அப்புடியா தம்பி? எத்தனை நாள் பத்தியம்?"

"அதாம்மா நம்ம மருந்தோட விசேஷம். பத்தியமே கெடையாது! காலையில ஒரு மூடி குடிச்சிட்டு வயலுக்குப் போலாம், தண்ணி எடுக்கலாம், நெல்லுக் குத்தலாம். ஒரு வேலையும் நிக்காது."

ஆம்பிளைகள் முண்டியடித்துக்கொண்டு வாங்கினார்கள். வீரய்யா கையில் இரண்டு பாட்டில் இருந்தது. சந்தனமேரியின் சிரிப்பு போய்விட்டது. பொய்யைத் திருடியதுகூட அவளுக்குப் பெரிதாகத் தோன்றவில்லை. அதில் உருப்படியாக இருந்த ஒன்றைத் தூக்கிப் போட்டுவிட்டு மிச்சத்தைப் பாட்டிலில் அடைத்து வைத்திருக்கிறானே என்றுதான் வயிறு எரிந்தது.

அவள் கூட்டத்தின் பக்கம் திரும்பினாள். நோயின் பெயரைச் சொல்லவில்லை.

"தம்பி ஒண்ணு சொல்ல மறந்துட்டாரு. பாட்டில் மருந்து ரொம்பச் சூடு. இதை வாங்கிக் குடுக்குறவரு யாரோ, அவருதான் ஒரு வருஷம் வீட்டுக்குத் தண்ணி எறைக்கணும். ஒரு நாள் விட்டாலும்..." என்று நிறுத்திவிட்டு, ஆகாயத்தைப் பார்த்தாள்.

"யாரும்மா நீ? வியாபாரத்தைக் கெடுக்க வந்தியா?" என்று கோட்டுக்காரன் கத்தினான்.

"மெதுவாப் பேசுங்க, அது நம்ம மேரியம்மா" என்று அவன் வாயை அடைத்தது வீரய்யாதான். இரண்டு பாட்டிலையும் துணியின்மேல் வைத்துவிட்டு, கையை வேட்டியில் துடைத்துக்கொண்டார். மற்றவர்களும் வைத்தார்கள். மதுரை பஸ் வந்தபோது கோட்டுக்காரன் மூட்டையோடு ஏறிப் போனான்.

அந்த வாரப் பாவசங்கீர்த்தனத்தில் இதைச் சொல்லலாமா வேண்டாமா என்று அவள் வெகுவாக யோசித்து, கடைசியில் வேண்டாம் என்று விட்டுவிட்டாள்.

அறுபத்தேழு ஐப்பசி மழையில் நாலு நாள் காய்ச்சலில் சந்தனமேரி இறந்துபோனாள். டாக்டர் மாற்றலாகிப் போயிருந்தார். புதிதாக வந்த நர்ஸ் ஊசி போட்டாள். பக்கத்தில் பொன்னுத்தாயும் அருள்ராணியும் இருந்தார்கள். ஆவூர் கோயில் கல்லறையில் அடக்கம். வேதக்காரர்கள், மற்றவர்கள் என்று பார்க்காமல் பன்னிரண்டு ஊர்ப் பெண்களும் விடிந்ததும் கிளம்பி, மழையோடு நடந்து போய்விட்டார்கள். எப்போது திரும்புவார்கள் என்று ஒருத்தியும் சொல்லிவிட்டுப் போகவில்லை. கேட்கவும் யாருக்கும் தைரியம் வரவில்லை. அன்று நாகராசு கடையும் பூட்டியிருந்தது. அவர் சம்சாரத்தோடு ஆவூருக்குப் போயிருந்தார். ஈர விறகை வைத்து ஊதி ஊதி ஆம்பிளைகள் கஞ்சி காய்ச்சினார்கள்.